தாடி ஓணானும் மனிதனின் அளவுகோலும்

மனிதன் பிற உயிர்களின் நடத்தையைப் பற்றிப் பேசத் தொடங்கும்போது பெரும்பாலும் தன்னையறியாமலே தன்னைப் பற்றிப் பேசிவிடுகின்றான். சுவரிலிருக்கும் பல்லி ஒலித்தால், அது ஒலித்த திசையையும் நேரத்தையும் கொண்டு தனக்கு வரவிருக்கும் நன்மை தீமைகளைக் கணிக்கும் வழக்கம் தமிழரிடையே நெடுங்காலமாக உண்டு. பாலை நிலத்து வழியிலே செல்வோர் முதிய ஓந்தியை நிமித்தமாகக் கொண்டனர் என்னும் செய்தி குறுந்தொகையின் 140 ஆம் பாடலிலேயே காணப்படுகின்றது. பல்லி தன் இனத்தைச் சேர்ந்த வேறொன்றுக்கு எதனையோ அறிவிக்கின்றது. ஓந்தி தன் பாட்டிலே மரத்தில் இருக்கின்றது. கேட்பவனும் காண்பவனுமாகிய மனிதனோ அச்செய்தி தனக்கே விடுக்கப்பட்டதெனக் கொள்கின்றான்.

இதனை மூடநம்பிக்கை எனக் கூறி ஒதுக்கிவிடுதல் எளிது. ஆயின் இதே பிழையைக் கல்வியறிவு மிக்கோரும், விலங்குகளிடம் அன்பு பாராட்டுவோரும், சில வேளைகளில் அறிவியலாளருங்கூட வேறு வடிவங்களிற் செய்துவருகின்றனர் என்பது சிந்திக்கற்பாலது. பிற உயிரொன்றின் நடத்தையை விளங்கிக்கொள்வது எங்ஙனம்? அவ்வாறு விளங்கிக்கொள்ள முயல்வது வெறும் அறிவு நாட்டமா, அன்றி அறக்கடமையா? இவ்வினாக்களை, இன்று உலகின் பல நாடுகளில் வீட்டு வளர்ப்புப் பிராணியாக விளங்கும் ஓர் அவுஸ்திரேலிய ஓணானை முன்னிறுத்தி ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

தாடி ஓணான் என்று தமிழிற் கூறத்தக்க இவ்வுயிரை ஆங்கிலேயர் 'பியர்டட் டிறாகன்' என்பர். 'பொகோனா விற்றிசெப்ஸ்' என்பது அதன் விஞ்ஞானப் பெயர். 'பொகோனா' என்பது தாடியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லின் வழிவந்தது. தொண்டையின் கீழுள்ள, முட்போன்ற செதில்கள் செறிந்த தோலை விரித்துக் கருமையாக்கும்போது அது தாடி வளர்த்தாற் போலத் தோன்றும். அவுஸ்திரேலியாவின் உட்பகுதியிலுள்ள வறண்ட புதர்க்காடுகளும் அரைப் பாலை நிலங்களும் அதன் தாயகம். வால் நுனிவரை அளந்தால் ஏறத்தாழ அரை மீற்றர் நீளமுடையது. அவுஸ்திரேலியா தன் நாட்டு ஊர்வனவற்றை வணிகத்துக்காக உயிருடன் ஏற்றுமதி செய்வதைத் தடை செய்துள்ளது. ஆதலின் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் இன்று வளர்க்கப்படும் தாடி ஓணான்கள் பல தலைமுறைகளாகக் கூட்டிலே பிறந்து கூட்டிலே வளர்ந்தவற்றின் வழித்தோன்றல்களாகும். இலங்கையின் வேலிகளிலும் பூவரச மரங்களிலும் காணப்படும் ஓணானும் இதுவும் 'அகாமிடே' என்னும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. கடல் கடந்து வாழும் தூரத்து உறவினர் என்று இவற்றைக் கூறலாம்.

இவ்வோணானை வளர்ப்போர் அனைவரும் விரைவிலேயே ஒரு காட்சியைக் காண்பர். கண்ணாடிப் பெட்டியினுள்ளே கிளையொன்றின் மீதிருக்கும் ஓணான், தன் முன்னங்கால்களில் ஒன்றை மெல்ல உயர்த்தி, காற்றில் ஒரு வட்டம் வரைந்து, மீண்டும் கீழே ஊன்றும். பெட்டிக்கு வெளியே நிற்பவர் மகிழ்ச்சியடைகின்றார். தம்மைக் கண்டு அது கையசைத்து வரவேற்கின்றது எனக் கருதித் தாமும் கையசைக்கின்றார். ஆனால் இந்நடத்தையை அதன் இனத்தாரிடையே வைத்து நோக்கியவர்கள் வேறொரு பொருள் கூறுகின்றனர். தன்னிலும் பெரியதொரு ஓணானின் முன்னிலையில் குட்டியோ வலிமை குன்றியதோ இவ்வாறு காலைச் சுழற்றுதல் வழக்கம். தான் போட்டிக்கு வரவில்லை, தன்னைத் தாக்கவேண்டியதில்லை என்னும் அடங்கல் குறியாகவே அது கொள்ளப்படுகின்றது. அங்ஙனமாயின் உரிமையாளர் வரவேற்பு எனக் கொண்டது உண்மையில் ஒரு விண்ணப்பமாக இருக்கலாம். அவரது மகிழ்ச்சிக்குக் காரணமான செயல் அதன் அச்சத்திலிருந்து பிறந்ததாகலாம்.

இத்தகைய மயக்கங்கள் ஒன்றல்ல, பல. ஒரே பெட்டியில் இரண்டு ஓணான்களை வைத்தால், விளக்கின் கீழே ஒன்றின் மேல் ஒன்று ஏறிக் கிடப்பதுண்டு. காண்போர் அதனை அன்பின் அணைப்பு என்பர். மேலே கிடப்பது வெப்பத்தையும் ஒளியையும் கைப்பற்றிக்கொள்ள, கீழே கிடப்பது அவற்றை இழக்கின்றது என்பதே பெரும்பாலும் உண்மை. வாயைத் திறந்தபடி அது அசையாதிருந்தால் சினம் என்பர் சிலர், சிரிப்பு என்பர் வேறு சிலர். உடல் வெப்பம் மிகும்போது வாய்வழியே வெப்பத்தைப் போக்கிக்கொள்ளும் முறை அது. கண்ணாடியை ஓயாது பிறாண்டினால் தம்மிடம் வரத் துடிக்கின்றது என்பர். கண்ணாடி என்னும் பொருள் அதன் இனத்தின் வரலாற்றிலேயே இல்லாதது. வெளியே தெரியும் இடத்துக்குச் செல்ல ஏன் இயலவில்லை என்பதை அது அறியாது. கண்ணாடியில் தெரியும் தன் நிழலைப் போட்டியாளன் எனவும் அது கொள்ளக்கூடும். குளிர்காலத்திற் சில வாரங்கள் உணவை வெறுத்து மறைவிடத்தில் ஒடுங்கினால் பிரிவுத்துயர் என்பாரும் உளர். பருவத்துக்கேற்ப உடலின் இயக்கத்தைக் குறைத்துக்கொள்ளும் இயல்பு அவ்வினத்துக்கு உண்டு. உண்மையான நோயும் இதே தோற்றத்தைத் தரலாம் என்பதே இங்குள்ள இடர்ப்பாடு.

நாயின் நிலை வேறு. பத்தாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக மனிதனுடன் வாழ்ந்து, அவன் முகத்தைப் பார்த்துப் பழகி, தன் முகத்தையும் அவனுக்குப் புலப்படுத்தப் பழகிய உயிர் நாய். அதன் நடத்தைக்கு மனிதன் கூறும் பொருள் ஓரளவேனும் பொருந்துவதற்கு இடமுண்டு. ஊர்வனவற்றின் வழியும் பாலூட்டிகளின் வழியும் 30 கோடி ஆண்டுகளுக்கு முன்பே பிரிந்துவிட்டன. புன்னகைக்கவோ முகஞ்சுளிக்கவோ ஓணானின் முகத்தில் இடமில்லை. அதன் வாயின் அமைப்பு இயல்பாகவே சிரிப்பது போலத் தோன்றுவதால், வலியால் வாடும்போதும் அது சிரித்துக்கொண்டே இருக்கும்.

அன்பினால் விளையும் இம்மயக்கத்தின் மறுபக்கத்தையும் ஈண்டு நோக்குதல் வேண்டும். வேலியிலிருக்கும் ஓணான் தலையை மேலும் கீழும் ஆட்டினால், அது தம்மைப் பார்த்து ஏளனம் செய்கின்றது எனக் கூறிச் சிறுவர் கல்லெறிவர். இனப்பெருக்கக் காலத்தில் அதன் ஆணுடைய தொண்டை சிவந்து காணப்படுதலால், தூரத்திலிருந்தே இரத்தத்தை உறிஞ்சிவிடும் என்ற அச்சம் எழுந்தது. ஆங்கிலத்திலும் அதற்கு 'இரத்தம் உறிஞ்சி' என்னும் பொருள்படும் பெயர் ஏற்பட்டது. தலையாட்டலும் தொண்டைச் சிவப்பும் தன் எல்லையைப் பிற ஆண்களுக்கு உணர்த்துதற்கும் பெண்ணைக் கவர்தற்கும் உரியவை. கல்லெறியும் சிறுவன் அவ்வுரையாடலில் ஒரு தரப்பினன் அல்லன். எனினும் அவன் அதனைத் தன்னை நோக்கிய ஏளனமாகக் கொண்டான். கண்ணாடிப் பெட்டியின் முன்னே கையசைப்பவரும் வேலியின் முன்னே கல்லெடுப்பவனும் செய்யும் பிழை ஒன்றே. இருவரும் அவ்வுயிரின் உலகுக்கு நடுவே தம்மை நிறுத்திக்கொள்கின்றனர். ஒருவரிடத்து அப்பிழை அன்பாகவும் மற்றவனிடத்து வெறுப்பாகவும் வெளிப்பட்டமை தற்செயலே. தன்மையப் பார்வையில் வேரூன்றிய அன்பு எந்நேரமும் ஏமாற்றமாக மாறக்கூடும். கடித்துவிட்ட நாளிலே அதே உரிமையாளர் அதனை நன்றியற்ற பிராணி என்பார்.

இம்மயக்கத்துக்கு மருந்தாக மேனாட்டுச் சிந்தனையில் ஒரு கோட்பாடு எழுந்தது. பிரெஞ்சுத் தத்துவஞானி டேக்காட் 1637 இல் வெளியிட்ட நூலிலே விலங்குகளை இயந்திரங்களுக்கு ஒப்பிட்டார். 1894 இல் லொயிட் மோர்கன் என்னும் உளவியலாளர், எளிய உளச்செயலொன்றினால் விளக்கக்கூடிய நடத்தைக்கு உயர்ந்த உளச்செயலொன்றைக் காரணமாகக் கூறலாகாது என்னும் விதியை வகுத்தார். அவ்விதியின் பயனை உணர்த்தும் நிகழ்ச்சியொன்று பேர்லினில் நடைபெற்றது. ஹான்ஸ் என்னும் குதிரை காலால் தரையைத் தட்டிக் கணக்குகளுக்கு விடை கூறியது. கண்டோர் வியந்தனர். 1907 இல் ஒஸ்கார் புஃபுங்ஸ்ட் என்பவர் அதனை ஆராய்ந்து, குதிரை கணக்கு அறியவில்லை, வினவுவோரின் உடலில் அவர்களையறியாமலே தோன்றும் நுண்ணிய அசைவுகளைக் கண்டே தட்டுவதை நிறுத்துகின்றது எனக் காட்டினார். மனிதன் குதிரையிடம் கண்டது தன் அறிவின் எதிரொலியையே.

ஆயின் இம்மருந்தும் அளவு மீறினால் நஞ்சாகும். மோர்கனின் விதி சான்றின்றிப் பேசாதே என எச்சரிப்பது. விலங்குக்கு உள்ளமே இல்லை என்று அது கூறவில்லை. ஓணான் வெப்பத்தைத் தேடும் பொறியன்றி வேறில்லை என உறுதியாகக் கூறுபவரும் சான்றுக்கு அப்பாலே செல்கின்றார். தாடி ஓணானே அவருக்கு மறுமொழி அளித்துள்ளது. இங்கிலாந்தின் லிங்கன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த அன்னா வில்கின்சனும் அவருடன் ஆய்ந்தோரும் 2015 இல் வெளியிட்ட ஆய்வொன்றில், பயிற்றப்பட்ட ஓர் ஓணான் கம்பிக் கதவொன்றைத் தலையால் ஒதுக்கித் திறந்து இரையைப் பெறுவது பிற ஓணான்களுக்குக் காட்டப்பட்டது. அதனைக் கண்டவை அதே முறையிற் கதவைத் திறந்தன. அச்செயலைக் காணாதவை அவ்வாறு செய்யவில்லை. பார்த்துப் பின்பற்றும் ஆற்றல் ஊர்வனவற்றுக்கு இல்லை என்ற நெடுநாள் எண்ணம் அதனால் ஆட்டங்கண்டது. ஜேர்மனியின் பிராங்ஃபேர்ட் நகரிலுள்ள மக்ஸ் பிளாங் மூளை ஆய்வு நிறுவனத்தில் ஜில் லோரன் என்பவரின் குழுவினர், உறங்கும் தாடி ஓணானின் மூளையிலே ஆழ்ந்த உறக்கமும், மனிதர் கனவு காணும் நிலையை ஒத்த கண்ணசைவு உறக்கமும் ஏறத்தாழ 80 வினாடிச் சுற்றுக்களாக மாறிமாறி வருவதை 2016 இல் வெளிப்படுத்தினர். ஓணான் கனவு காண்கின்றது என்பதற்கு இது சான்றாகாது. எனினும் அதன் அகம் வெறுமையானது எனத் தீர்ப்புக் கூறுவதற்கு எவருக்கும் உரிமையில்லை என்பதனை இது உணர்த்துகின்றது. அதே 2016 இல் வெளிவந்த மற்றோர் ஆய்வு, முதுகின் நிறமாற்றம் பெரிதும் வெப்பநிலையோடும் சூழலோடும் தொடர்புற, தாடியின் நிறமாற்றம் பிற ஓணான்களுடனான உறவோடு தொடர்புறுகின்றது எனக் காட்டியது. ஒரே உடலில் முதுகு ஞாயிற்றோடும் தொண்டை தன் இனத்தோடும் உரையாடுகின்றன. இவ்வளவு நுண்ணிய உரையாடலைப் பொறியின் ஓசை என ஒதுக்குதலும், மனிதனுக்கான வாழ்த்து எனக் கொள்ளுதலும் ஒருசேரப் பொருந்தா.

அவ்வாறாயின் நடுவழி யாது? தொல்காப்பிய மரபியல் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு ஈறாகப் பகுத்துள்ளது. பிற்காலத்தார் இப்பகுப்பை மனிதன் உயர்ந்தவன் என்று பெருமை பேசுவதற்கே பெரிதும் பயன்படுத்தினர். ஆனால் அதனுள்ளே வேறொரு நெறியும் அடங்கியுள்ளது. ஓர் உயிரை அறியவேண்டுமாயின், அது எந்தெந்தப் புலன்களின் வழியே உலகைப் பெறுகின்றது என்பதை முதலிற் கேட்கவேண்டும் என்பதே அந்நெறி. ஒவ்வொரு விலங்கும் தன் புலன்களால் அமைந்த தனக்கேயுரிய உலகிலே வாழ்கின்றது என யாக்கோப் வொன் உக்ஸ்க்யூல் என்னும் உயிரியலாளர் இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் விளக்கினார். 1974 இல் அமெரிக்கத் தத்துவஞானி தோமஸ் நேகல், வௌவாலாக இருப்பது எத்தகையது என்பதை மனிதன் உள்ளிருந்து அறிய இயலாது என வாதிட்டார். இவ்விரு கருத்துக்களும் சேர்ந்து ஓர் உண்மையைக் கூறுகின்றன. ஓணானின் உலகினுள்ளே புகுந்துவிட இயலாது. ஆனால் அவ்வுலகின் வாயில்கள் எவை என அறிந்துகொள்ள இயலும்.

அவ்வாயில்கள் மனிதனுடையவற்றினின்றும் பெரிதும் வேறுபட்டவை. தாடி ஓணான் தன் உடல் வெப்பத்தை உள்ளிருந்து உண்டாக்கிக்கொள்வதில்லை, வெளியிலிருந்தே பெறுகின்றது. ஆதலின் மனிதன் நிழல், வெயில், பாறை, மண் எனக் காணும் நிலப்பரப்பு அதற்கு வெப்பமும் தண்மையும் மேடுபள்ளங்களாகப் பரந்த ஒரு நிலமாக அமைதல் கூடும். அதன் தலையுச்சியில் ஒளியை உணரும் மூன்றாவது கண் ஒன்றும் உண்டு. நெற்றிக்கண்ணைப் புராணங்களிலே கேட்டறிந்தோருக்கு இது வியப்பளிக்கலாம். உருவங்களைக் காட்டாத அக்கண் ஒளியின் மிகுதி குறைவையே உணர்கின்றது. உரிமையாளரின் மார்பின் மீது அது அசையாது படுத்திருப்பதை இவ்வறிவோடு நோக்கினால் வேறு பொருளும் தோன்றும். குளிர்ந்த உடலுக்கு மனித மார்பும் வெயில் காய்ந்த ஒரு பாறையே. அதனாற் பழகிய கையை அது பழகாத கையினின்றும் பிரித்தறியாது என்பதன்று. அன்பு என்ற ஒரு சொல்லைப் போட்டு மூடிவிட்டால், அதன் கீழே என்ன நிகழ்கின்றது என்பதைக் காணும் வாய்ப்பு இழக்கப்படும் என்பதே கருத்து.

அறிவு பற்றிய இவ்வினா அறம் பற்றிய வினாவாக மாறுவது இவ்விடத்திலேயாம். அவுஸ்திரேலியப் புதர்க்காட்டிலுள்ள ஓணானைப் பற்றி மனிதன் எவ்வளவு பிழையாக எண்ணினாலும் அதற்குக் கேடில்லை. வெப்பம் மிகுந்தால் நிழலுக்குச் செல்லும், பகைவனைக் கண்டால் ஓடிவிடும். கூட்டிலுள்ள ஓணானின் நிலை அத்தகையதன்று. அதன் ஞாயிறும் இரவும், உணவும் நீரும், தனிமையும் துணையும் பிறரொருவர் முடிவினால் அமைகின்றன. தன் தேவையை அவருக்கு உணர்த்த அதற்குள்ள ஒரே மொழி அதன் நடத்தை. அம்மொழியை அவர் பிழையாகப் படித்தால் அதற்கு மேன்முறையீடு இல்லை. வெப்பமும் ஒளியும் தரும் விளக்கோடு, கழியூதாக் கதிர் தரும் விளக்கும் அதற்கு இன்றியமையாதது. அக்கதிரின்றி அதன் உடலில் உயிர்ச்சத்து டி போதியளவு உண்டாகாது, எலும்புகள் வலுவிழக்கும். அவ்விளக்கு நாட்செல்ல அக்கதிரைத் தருவதிற் குன்றிவிடும், ஆயினும் கண்ணுக்கு முன்போலவே ஒளிரும். உரிமையாளர் வேறுபாடு எதனையும் காணார். ஓணான் மெல்ல மெல்ல ஓட்டத்தைக் குறைத்து, ஏறுவதைத் தவிர்த்து, கையில் எடுத்தால் எதிர்க்காது கிடக்கும். இப்போது நன்றாகப் பழகிவிட்டது, சாதுவாகிவிட்டது என அவர் மகிழ்வார். கால்கள் நடுங்கும் நாளிலேதான் அவர் சாது எனக் கண்டது நோயின் தளர்ச்சி என்பது வெளிப்படும். அவரிடம் அன்பு குறைவாக இருந்தது என எவரும் கூறமுடியாது. அன்பு இருந்தது, கவனம் இருக்கவில்லை. கவனமற்ற அன்பு தான் விரும்பியதையே காணும்.

இவ்வுண்மை ஓணானோடு நின்றுவிடுவதன்று. வலியோர் எளியோரின் நடத்தையைப் பொருள் கொள்ளும் இடமெல்லாம் இதே மயக்கம் உண்டு. வீட்டு வேலைக்கு அமர்த்தப்பட்ட சிறுமி எந்நேரமும் சிரித்த முகத்தோடு இருந்தால், அவள் தம் வீட்டுப் பிள்ளை போலவே மகிழ்ச்சியாக இருக்கின்றாள் என வீட்டார் கூறுவர். வகுப்பிலே வாய் திறவாத மாணவனை ஒழுக்கமுடையவன் என ஆசிரியர் பாராட்டுவார். அடங்கியிருக்கும் மக்களைக் கண்டு அவர்கள் மனநிறைவோடிருப்பதாக ஆள்வோர் அறிக்கை விடுவர். இதனால் மனிதரையும் ஓணானையும் சமன்செய்ததாகக் கொள்ளலாகாது. சிறுமிக்கு மொழியுண்டு, உரிமையுண்டு. இங்கு ஒப்பிடப்படுவோர் பொருள் கொள்பவர்களே. அடங்கலை அன்பென்றும், தளர்ச்சியை அமைதியென்றும், அச்சத்தை மரியாதையென்றும் கொள்வது அதிகாரம் உடையவருக்கு எப்போதும் வசதியானது. வசதியான பொருளைச் சந்தேகித்தல் அவருடைய முதற் கடமையாகும்.

விலங்கின் உணர்வைப் பற்றி எதுவுமே கூறலாகாது என்பது இதன் முடிவன்று. ஐக்கிய இராச்சியத்தின் 2022 ஆம் ஆண்டு விலங்கு நலச் சட்டம் முதுகெலும்புள்ள உயிர்கள் அனைத்தையும் உணர்வுடையனவாக ஏற்கின்றது. 2024 ஏப்ரிலில் நியூயோர்க்கில் அறிஞர் பலர் கையொப்பமிட்ட பிரகடனமொன்று, ஊர்வன உட்பட முதுகெலும்புள்ள அனைத்துக்கும் நனவு இருத்தற்கான வாய்ப்பை மெய்யானதாகக் கருதவேண்டும் என்றது. அறியாமை கொடுமைக்கு அனுமதிச் சீட்டாகாது என்பதே இவற்றின் சாரம். உணர்வு உண்டா இல்லையா என்பது தீராத இடத்தில், உண்டு எனக் கொண்டு நடத்தலே அறம். அவ்வுணர்வு எத்தகையது என்பதிலோ மனிதன் அவசரப்படலாகாது.

அதற்குச் செயல்முறை ஒன்றும் உண்டு. ஒரு செய்கையைக் கண்டவுடன் அதற்குப் பெயரிடாது, அது எப்போது நிகழ்ந்தது, எதற்குப் பின் நிகழ்ந்தது, எதனால் நின்றது எனப் பல நாள் நோக்குதல் வேண்டும். பெட்டியின் ஒருபுறம் வெப்பமாகவும் மறுபுறம் தண்மையாகவும், இடையே மறைவிடமாகவும் அமைத்து, ஓணானே தெரிவு செய்ய விடுதல் வேண்டும். தெரிவு செய்ய இடம் பெற்ற உயிரின் நடத்தையே அதன் விடை. தெரிவற்ற உயிரின் நடத்தை, அடைத்தவரின் வினாவையே திருப்பிக் கூறும். அப்படியாயின் அதனை அடைத்து வளர்ப்பதே தகுமா என வினவலாம். பல தலைமுறைகளாகக் கூட்டிலே பிறந்தவற்றைத் தாயகத்துக்கு அனுப்ப வழியில்லை. அவற்றை நன்கு பேணுதல் வளர்ப்போரின் கடன். இனிமேல் ஒன்றை வாங்க எண்ணுவோரோ, தாம் தேடுவது ஓர் உயிரின் நலத்தையா அன்றித் தமக்குக் கையசைக்கும் ஒரு துணையையா என்று முதலில் தம்மையே கேட்டுக்கொள்ளவேண்டும்.

கைம்மாறு கருதாத ஈகையைத் தமிழ் மரபு போற்றியுள்ளது. கைம்மாறு கருதாத அறிதலும் அதனோடு சேர்த்து எண்ணத்தக்கதே. தன்னை நேசிக்கின்றதா என்ற கேள்வியைக் கைவிட்டு, அதற்கு வேண்டியது யாது என்ற கேள்வியை எழுப்புபவரே பிற உயிரை அறியத் தொடங்குகின்றார். கண்ணாடிக்குப் பின்னால் ஓணான் முன்னங்காலை உயர்த்தி வட்டம் வரையும்போது, பதிலுக்குத் தாமும் கையசைப்பதிலும் பார்க்க, ஓரடி பின்னே விலகி, அது அச்சமின்றி வெயில் காய இடம்விட்டு நிற்பது மேலான மறுமொழியாகும்.